ஏழு கிலோ நானூறு

என் மகள் அமலி ஐந்து வருடம் ஏழு கிலோ நானூறு கிராமாகவே இருந்தாள். ஒரு கிராம் கூடவில்லை, ஒரு கிராம் குறையவில்லை. ரேஷன் கடை அப்பீல் முடிவாகாமல் ஒரு பிள்ளை எப்படி வளரும் என்பதுதான் நெட்டைவாரை தேயிலை எஸ்டேட்டின் பேச்சாக இருந்தது. மழை இறங்கினால் கொழுந்து துளிர்க்கும், அப்பீல் முடிந்தால் அமலி வளருவாள், இதில் வாயைப் பிளக்க என்ன இருக்கிறது என்று லயக் குடியிருப்புப் பெண்கள் கொழுந்துச் சாக்கைத் தலையில் ஏற்றிக்கொண்டு மலையேறிப் போய்விட்டார்கள். குழம்பி நின்றவள் நான் ஒருத்திதான். இன்னும் தெளியவில்லை. தெளியாவிட்டாலும் நடந்ததை நடந்த வரிசையில் எழுதி வைத்துவிட வேண்டும், ஏனென்றால் எங்கள் விஷயத்தில் எது எழுதப்பட்டதோ அதுதான் நடந்தது.

தமிழ்நாட்டு மலை முடிந்து கேரளத்து மலை ஆரம்பிக்கிற இடத்தில் இருக்கிறது நெட்டைவாரை. வேலை பார்க்கிறவர்கள் எல்லாம் தமிழ் ஜனங்கள், ஆபீஸ் எல்லாம் மலையாளம். நான் மலைக்கு அந்தப் பக்கம் தமிழும் இங்கிலீஷும் சொல்லிக்கொடுத்த கன்னியாஸ்திரிகளிடம் படித்துவிட்டு, ஜீப் ஓட்டுகிற அருள்தாசைக் கட்டிக்கொண்டு இந்தப் பக்கம் ஏறி வந்தவள். பெண்களுக்கு என்று ஒதுக்கிய ரேஷன் கடை லைசென்ஸ் ஒன்று வந்தபோது, பத்தாவது தாண்டியவள் நான் மட்டும்தான் என்பதால் அது என் பேரில் விழுந்தது. ஜெசிந்தா அருள்தாஸ், கடை எண் எழுபத்தொன்று.

எங்கள் கடையில் ஒரு வழக்கம் உண்டு. மாசத்தின் முதல் சனிக்கிழமை, அரிசி போடுகிற அன்று, தாய்மார் பிள்ளைகளையும் தூக்கிக்கொண்டு வருவார்கள். ஆஸ்பத்திரி பதினெட்டு கிலோமீட்டர், அதுவும் ஜீப் கிடைத்தால். அதனால் அரிசி எடைபோடுகிற தராசிலேயே பிள்ளையையும் போட்டுப் பார்ப்பது. மலைக் குளிரில் இரும்புத் தட்டு பிள்ளையின் முதுகைச் சுடுகிற மாதிரி கடிக்கும் என்று அரைச் சாக்கு அரிசியைத் தட்டின்மேல் மெத்தையாகப் போட்டு, அதன்மேல் பிள்ளையைக் கிடத்தி, சாக்கின் எடையைக் கழித்துவிட்டு மிச்சத்தைக் கதவில் சாக்பீஸால் எழுதுவேன். எந்தப் பிள்ளை எத்தனை கிராம் ஏறியது என்பது கதவைப் பார்த்தாலே ஊருக்குத் தெரியும்.

அன்றைக்கும் அப்படித்தான் இருந்தது. அமலிக்கு ஏழு மாசம். எல்லாப் பிள்ளைகளையும் போட்டு முடித்துக் கடைசியில் அவளைப் போட்டேன், அரிசியின் கதகதப்பில் அப்படியே தூங்கிவிட்டாள். பனி உள்ளே புகுந்ததால் காலிச் சாக்கு ஒன்றை மேலே போர்த்திவிட்டேன். அந்த நேரத்தில்தான் தாலுகா ஆபீஸிலிருந்து சோமன் சார் இருப்புச் சோதனைக்கு வந்தார். ஏறி வந்த களைப்பில் இருந்தவருக்குப் பால் இல்லாத சாயா ஒன்று போட்டுவரலாம் என்று நான் பின்னால் வீட்டுக்குப் போனேன். அவ்வளவுதான் நான் செய்தது. சாயா போட எவ்வளவு நேரம் ஆகும்?

கூட வந்த உதவியாளர் மூட்டை மூட்டையாக நிறுத்துக்கொண்டு வந்து, தராசின்மேல் ஏற்கெனவே இருந்த அரைச் சாக்கைக் கண்டதும், இதை வேறு இறக்கி ஏற்ற வேண்டாமே என்று நம்பரைப் பார்த்துச் சொல்லியிருக்கிறார். "முப்பது. சரியா முப்பது சார்." அவ்வளவு சரியான எண் அன்றைக்கு வேறு எதிலும் வரவில்லை என்பதால் இரண்டு பேருக்கும் அது பிடித்துப்போயிருக்கிறது. புத்தகத்தில் அந்தச் சாக்கு இருபத்திரண்டு கிலோ அறுநூறு. ஆக, கார்டுதாரர்களுக்குக் கொடுக்காமல் ஒளித்து வைத்த கூடுதல் அரிசி ஏழு கிலோ நானூறு.

நான் டம்ளர்களோடு வந்தபோது சோதனையில் கண்டதை மகஜராக எழுதி முடித்திருந்தார்கள். எனக்கு வாசிக்கத் தெரியாத மலையாளத்தில் இருந்தது. ஒரு கையில் தட்டு, ஒரு கையில் பேனா. கையெழுத்துப் போட்டேன். போட்டுவிட்டுச் சாக்கை விலக்கி, பாலுக்கு முனகிய பிள்ளையைத் தூக்கினேன். தராசு முப்பதிலிருந்து இருபத்திரண்டு அறுநூறுக்கு இறங்கியது. சோமன் சார் தராசைப் பார்த்தார், பிள்ளையைப் பார்த்தார், காகிதத்தைப் பார்த்தார். நல்ல மனுஷன். அவர் முகம் வாடியதை நான் பார்த்தேன்.

"எழுதியாச்சே" என்றார்.

"சார், இது பிள்ளை."

"பிள்ளைதான். ஆனா கையெழுத்தும் ஆயிடுச்சே. இதை அடிச்சா அடிச்சதுக்கு நான் பதில் சொல்லணும். ஒண்ணு செய்யுங்க, அப்பீல் போங்க. அங்க சொன்னா அறுபது நாள்ல சரியாயிடும்." சாயாவைக் குடித்துவிட்டு, நன்றாயிருக்கிறது என்று சொல்லிவிட்டுப் போனார்.

லைசென்ஸ் சஸ்பெண்ட் ஆனது. தராசுக்கு அரக்கு வைத்து எடுத்துப் போனார்கள். பைலி வக்கீல் என்று தாலுகாவில் ஒருவர், தன் குடைக்கும் எங்கள் ஜீப் சீட்டுக்கும் ஒரே நிறம் என்று சந்தோஷப்படுகிறவர், அவர்தான் அப்பீல் எழுதினார். "மேற்படி கூடுதல் சரக்கு என்பது மேல்முறையீட்டாளரின் மகள் ஆவாள்." வாசித்துக் காட்டினார். வேறு மாதிரி எழுத முடியாதா என்றேன். சட்டத்தில் இதைவிட அன்பாக எழுத இடம் இல்லை என்றார்.

அதற்குப் பிறகு வந்த முதல் சனிக்கிழமை, தராசு இல்லாததால், அமலியை ஜீப்பில் கூட்டிப்போய் ஆஸ்பத்திரியில் போட்டேன். ஏழு நானூறு. அடுத்த மாசமும் ஏழு நானூறு. அதற்கடுத்த மாசமும். பால் குடித்தாள், கூழ் குடித்தாள், சிரித்தாள், கையை வீசினாள், தூங்கினாள், எழுந்தாள், ஏழு நானூறாகவே இருந்தாள். பல் வரவில்லை, தலைமுடி நீளவில்லை, நகம் வெட்ட வேண்டியிருக்கவில்லை. டாக்டர் ராகி கொடுக்கச் சொன்னார். பிறகு நேந்திரங்காய்ப் பொடி. பிறகு என்னைத் தனியாகக் கூப்பிட்டு, வீட்டில் ஏதாவது கேஸ் நடக்கிறதா என்று கேட்டார். சொன்னேன். "அப்ப அதுதான்" என்று சீட்டில் எதுவும் எழுதாமல் திருப்பிக் கொடுத்தார்.

முதல் வருடம் ஊர் என்மேல் கோபமாக இருந்தது. கடை மூடியதால் எல்லோருடைய கார்டையும் கீழாறு கடைக்கு மாற்றிவிட்டார்கள், அரிசியைத் தலையில் வைத்துக்கொண்டு ஏழு கிலோமீட்டர் ஏற்றத்தில் நடந்துவந்த பெண்கள் எங்கள் வாசலில் வேண்டுமென்றே மூட்டையை இறக்கி இளைப்பாறுவார்கள். பேச்சியக்கா, பதினாலாம் நம்பர் மலையில் கொழுந்து கிள்ளுகிறவள், எங்கள் லயத்தின் வாய், அவள்தான் கேட்பாள்.

"ஏன் ஜெசி, கான்வென்ட்டுல கையெழுத்து மட்டுந்தான் சொல்லிக்குடுத்தாங்களா? வாசிக்கிறது அடுத்த வருசப் பாடமா?"

நான் பிள்ளையை இறுக்கிக்கொண்டு உள்ளே போய்விடுவேன்.

ஆறு மாசத்துக்கு ஒரு தடவை, அப்பீலைக் கேட்கிற மேலாபீஸிலிருந்து ஒரு கடிதம் வரும். தங்கள் மேல்முறையீடு பரிசீலனையில் உள்ளது. அந்த ஒரே வரி, அதே தாள், தேதி மட்டும் வேறு. தபால்காரர் வரும்போதே சொல்லிக்கொண்டு வருவார், பரிசீலனையில இருக்காம். கொஞ்ச நாளில் அது எஸ்டேட் பாஷை ஆகிவிட்டது. மாப்பிள்ளை வீட்டார் பதில் சொல்லாவிட்டால் பரிசீலனையில் இருக்கிறது, மழை வராமல் கருத்து நின்றால் பரிசீலனையில் இருக்கிறது, பருப்பு வேகாவிட்டால் பரிசீலனையில் இருக்கிறது. அமலியோடு ஒரே வாரத்தில் பிறந்த பேச்சியக்காவின் பேரன் தவழ்ந்தான், நின்றான், ஓடினான், பள்ளிக்கூடத்துக்குப் போய்ச் சிலேட்டை உடைத்தான். அமலி பரிசீலனையில் இருந்தாள்.

மூன்றாவது வருடம் எல்லாம் மாறிப்போனது. எஸ்டேட்டில் கொழுந்து எடை ஒரு நாளைக்கு மூன்று தடவை. நிறுக்கிறவர் சூப்பர்வைசர் தொரைப்பாண்டி, எழுதுகிறவரும் அவரே. கிள்ளியவள் கைக்கு ஒரு எடை தெரியும், தராசுக்கு வேறு எடை தெரியும், ஈரத்துக்குக் கழிவு, சாக்குக்குக் கழிவு என்று சொல்லிச் சொல்லி அந்த வித்தியாசத்துக்கு ஊர் பழகிப்போயிருந்தது. ஒரு நாள் மழைக்காக எடைக் கொட்டகையில் நான் பிள்ளையோடு ஒதுங்கியபோது, பேச்சியக்கா என் கையிலிருந்து அமலியை வாங்கி, விளையாட்டாகத் தராசில் போட்டாள். ஆறு எழுநூறு.

கொட்டகையில் இருந்த பெண்கள் எல்லாம் தராசைச் சுற்றிக் கூடினார்கள்.

"தொரை, இவ எத்தனை?" என்றாள் பேச்சியக்கா.

"எனக்கென்ன தெரியும்?"

"எஸ்டேட்டுக்கே தெரியும். மேலாபீஸு தாள்லயே இருக்கு. ஏழு நானூறு. மிச்ச எழுநூறை யாரு தின்னது, நீயா, உன் தராசா?"

அன்றைக்கே தராசு சரியானது. மறுநாள் மற்ற மலைக்காரர்களும் பிள்ளையைக் கேட்டு வந்தார்கள். திங்கள் எட்டாம் நம்பர் மலை, செவ்வாய் பதினாலு, புதன் ஆற்றோரம் என்று முறை வைத்தார்கள். காலையில் கம்பளியில் சுற்றி வாங்கிப்போவார்கள், சாயங்காலம் கொழுந்து வாசனையோடு கொண்டுவந்து கொடுப்பார்கள். பிள்ளைக்கு ஒரு குறை வைக்கவில்லை. எத்தனை ஸ்வெட்டர் பின்னினார்கள், எல்லாம் ஒரே அளவு. தராசில் போட்டதும் அவள் சிரிப்பாள், அதைப் பார்த்து எல்லோரும் சிரிப்பார்கள், நம்பர் ஏழு நானூறில் நிற்கும், எல்லோரும் அன்றைய கொழுந்தை நிம்மதியாக நிறுப்பார்கள். பக்கத்து எஸ்டேட்டுகளிலிருந்து ஜீப் பிடித்துக்கூட வந்தார்கள்.

"எடைக்கல்லு ஒண்ணு வாங்கி வச்சுக்கக் கூடாதாக்கா" என்று ஒரு நாள் கேட்டேன்.

"கல்லை நம்பலாம்டி. கல்லை ராத்திரி பூட்டி வைக்கிறவனை எப்படி நம்புறது? இவளை நீதான வச்சிருக்க."

எனக்குப் பெருமையாகவும் இருந்தது. அதைச் சொல்லாமல் விட்டால் பொய் எழுதினவள் ஆவேன். கோபமாக வாசலில் மூட்டை இறக்கிய பெண்கள் இப்போது கீரை கொண்டுவந்து கொடுத்தார்கள், என்னை உட்காரச் சொன்னார்கள். ஆனால் இரவில் பிள்ளையைப் பார்த்தால் பயம் வரும். அவள் கண் மட்டும் குழந்தைக் கண்ணாக இல்லை. வாசலில் பிள்ளைகள் பை மாட்டிக்கொண்டு பள்ளிக்கூடம் போவதை அந்தக் கண் கடைசிப் பிள்ளை திரும்புகிறவரை பார்த்துக்கொண்டிருக்கும். இவளுக்கு எல்லாம் தெரிகிறதோ, உள்ளே உட்கார்ந்துகொண்டு காத்திருக்கிறாளோ என்று தோன்றும். ஒவ்வொரு பிறந்தநாளுக்கும் அந்த வயதுக்கு உண்டான அளவில் ஒரு கவுன் தைத்துப் பெட்டியில் வைத்தேன். ஒரு வயதுக் கவுன், இரண்டு வயதுக் கவுன். அருள்தாஸ் பார்த்தும் பார்க்காதவர்போல இருந்தார்.

ஐந்தாவது வருடம் எஸ்டேட் மேனேஜர் ஒரு நோட்டீஸ் ஒட்டினார். அரசு முத்திரை இல்லாத எடையை வைத்துத் தராசைச் சோதிப்பது செல்லாது. யூனியன்காரர்கள் சளைக்கவில்லை. முத்திரைதானே வேண்டும் என்று எடையளவு ஆபீஸுக்கு மனு போட்டுவிட்டார்கள். மனு போட்ட பன்னிரண்டாம் நாள், ஒரு பெட்டியோடு ஒருவர் வந்தார். எனக்கு அதில்தான் தலை சுற்றியது: அப்பீலுக்கு ஐந்து வருடம், இதற்குப் பன்னிரண்டு நாள். பெட்டியைத் திறந்து, கிரீடம் மாதிரி ஒரு அடையாளம் உள்ள இரும்பு அச்சையும் சின்னச் சுத்தியலையும் எடுத்து எங்கள் வாசலில் வைத்தார்.

"வலிக்காதும்மா. வருஷத்துக்கு ஒரு தடவைதான். எங்க போடலாம், குதிகால்ல போடலாமா?"

நான் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு ஓடினேன். தேயிலைக்குள் புகுந்து, சரிவில் விழுந்து, முழங்கை கிழிந்து, ஆற்றைத் தாண்டி, சாலையில் அருள்தாசின் ஜீப் வருகிறவரை ஓடினேன். "பைலி வக்கீல்கிட்ட போங்க" என்றேன். அவர் அங்கேயே ஜீப்பைத் திருப்பினார்.

ஹைகோர்ட்டுக்குப் போகலாம் என்று பைலி வக்கீல் இதற்கு முன்னாலும் சொல்லியிருந்தார், எனக்குத்தான் தைரியம் இல்லை. அப்பீல் தோற்றால் கூடுதல் சரக்கை அரசு எடுத்துக்கொள்ளும் என்று சட்டத்தில் இருக்கிறதாம். ஜெயித்தால்? ஐந்து வருட வளர்ச்சியும் ஒரே நாளில் வந்தால் எலும்பு தாங்குமா? யாரைக் கேட்பது? ஆனால் அந்தச் சுத்தியலைப் பார்த்த பிறகு எந்தப் பயம் பெரியது என்பதில் மட்டும் எனக்குக் குழப்பம் இல்லை.

கோர்ட்டு உத்தரவு ஒரு மாசத்தில் வந்தது. ஒரு பக்கம்தான்.

"நமக்கு நியாயம் சொல்லியிருக்காங்களா சார்?"

"இல்ல. நியாயத்தை ஆறு வாரத்துக்குள்ள சொல்லச் சொல்லியிருக்காங்க. மேலாபீஸ்தான் சொல்லணும். உங்களையும் கேட்டுட்டுச் சொல்லணும்."

"என்ன சொல்லணும்னு?"

"அது கோர்ட்டுக்குத் தேவையில்ல. ஏதாவது ஒண்ணைச் சொல்லியாகணும்."

ஹியரிங் தேதி ஆறாவது வாரத்தின் கடைசி நாளில் விழுந்தது. அதற்கு முந்தின சாயங்காலம் பேச்சியக்காவும் நாலைந்து பெண்களும் வந்து உட்கார்ந்தார்கள். யாரும் சத்தம் போடவில்லை.

"வாய்தா கேளேன், ஜெசி" என்றாள் பேச்சியக்கா. "அஞ்சு வருசம் பொறுத்தே. கூலிப் பேச்சு முடியிற வரைக்கும், ஒரு ஆறு மாசம். இவ போயிட்டா தொரை மறுபடி தராசைத் திருகிருவான்."

"முத்திரை போட வருவாங்களேக்கா."

"நாங்க விடமாட்டோம். அது யூனியன்காரனுக கிறுக்குத்தனம்."

"உங்க பேரன் சிலேட்டை உடைச்சானாமே."

பேச்சியக்கா அமலியை மடியில் எடுத்து, வழக்கம்போலக் கையால் எடை பார்க்கிற மாதிரி ஒரு தடவை தூக்கி இறக்கிவிட்டு, எழுந்து போனாள்.

மறுநாள் விடிந்ததும் புறப்பட்டோம். பஸ்ஸில் ஒன்றரை மணி நேரம். ஐந்து கவுன்களையும் ஒரு பையில் வைத்திருந்தேன், ஏன் என்று எனக்கே தெரியாது. கண்டக்டர் எங்கள் இரண்டு பேருக்கு டிக்கெட் கிழித்தார், மடியில் இருந்த அமலியின் கன்னத்தைத் தட்டிவிட்டு நகர்ந்தார்.

மேலாபீஸில் வரிசையாகக் கேஸ்கள். எல்லாம் ஆறாவது வாரத்தின் கடைசி நாளுக்கு வந்தவை. எங்களைக் கூப்பிட்டபோது மணி நாலரை. அப்பீல் போட்டவளும் வக்கீலும் மட்டும் உள்ளே என்றார்கள், அருள்தாஸ் வராண்டாவில் நின்றுவிட்டார். மேசைக்குப் பின்னால் சுலோசனா மேடம், கண்ணாடி, நெற்றியில் சந்தனம். ஒரு ஓரத்தில் சோமன் சார். தலை முழுக்க நரைத்திருந்தது. அவரைப் பார்த்ததும்தான் எனக்கு ஐந்து வருடம் என்றால் என்ன என்று புரிந்தது.

எங்கள் தராசைக் கொண்டுவந்து அரக்கை உடைத்தார்கள். மேடம் ஒரு தாளில் மூன்று கட்டம் போட்டார். "கூடுதல் சரக்குன்னு எழுதினதும் இந்தக் குழந்தையும் ஒண்ணுதான்னு நிரூபிக்கணும். மூணு பேர் தனித்தனியா நிறுத்து எழுதணும். நான், டிபார்ட்மென்ட், அப்பீல்காரி. மூணும் ஏழு நானூறுன்னா லைசென்ஸ் திரும்பக் கிடைக்கும். நம்பர்லயும் எழுதணும், எழுத்துலயும் எழுதணும்."

மேடம் அமலியைத் தராசில் வைத்தார். சிரித்தாள். ஏழு நானூறு, எழுதினார். எடுத்துவிட்டுச் சோமன் சார் வைத்தார். ஏழு நானூறு. எழுதிவிட்டுத் தாளை என் பக்கம் தள்ளினார். ஐந்து மணிக்குள் முடிக்க வேண்டும் என்பதால் மேடம் கடிகாரத்தைப் பார்த்துவிட்டு, நான் நிறுப்பதற்குள்ளேயே உத்தரவுத் தாளை எடுத்துக் குனிந்து தலைப்பை எழுத ஆரம்பித்தார். ஒவ்வொரு சொல்லாக முணுமுணுத்துக்கொண்டு எழுதுவது அவர் பழக்கம் போல. "இந்த மேல்முறையீடு... இன்று... முடிவு செய்யப்படுகிறது."

நான் பிள்ளையைத் தராசில் வைத்தேன். நம்பர் என் பக்கம் திரும்பியிருந்தது, வேறு யாருக்கும் தெரியாது.

ஏழு நானூறு. ஏழு நானூற்றைந்து. ஏழு நானூற்றுப் பத்து.

தராசு பழசு என்று நினைத்தேன். பிள்ளையைச் சரியாகக் கிடத்தினேன். ஏழு நானூற்று முப்பது. அவள் சிரிக்கவில்லை. என்னையே பார்த்தாள். ஐந்து வருடம் வாசலைப் பார்த்த அதே பார்வை.

"எழுதும்மா, ஏழு நானூறு" என்று பைலி வக்கீல் காதோரம் சொன்னார். எழுதினால் கடை திரும்ப வரும். பெண்கள் ஏழு கிலோமீட்டர் ஏற வேண்டாம். யாருக்கும் நஷ்டம் இல்லை, ஐந்து வருடமாக ஊரே சொல்லிவருகிற நம்பர்தான், நேற்று வரை உண்மையும் அதுதான். ஆனால் எழுதியதுதானே எங்களுக்கு நடந்தது. முப்பது என்று எழுதினார்கள், அவள் சரக்கானாள். பரிசீலனையில் என்று எழுதினார்கள், அவள் பரிசீலனையில் இருந்தாள். இப்போது என் கையாலேயே ஏழு நானூறு என்று எழுதி, அதற்குக் கீழே கையெழுத்தும் போட்டால்?

ஏழு நானூற்று அறுபதில் ஒரு நொடி நின்றது. நம்பரில் எழுதினேன். எழுத்திலும் எழுதினேன். ஏழு கிலோ நானூற்று அறுபது.

மேடம் தாளை வாங்கிப் பார்த்தார். "ஒத்துப்போகலையே. அறுபது கிராம் கூட வருதே."

"ஆமா மேடம்."

"தப்பாப் பார்த்திருப்பே. திருத்தணும்னா இப்பவே திருத்திக்கோ, பக்கத்துல நான் இனிஷியல் போட்டுத் தர்றேன்." நல்ல மனதோடுதான் சொன்னார். பேனாவைக்கூட நீட்டினார்.

"இல்ல மேடம். வாசிச்சுப் பார்த்துத்தான் எழுதினேன்."

"அப்ப தள்ளுபடி பண்ண வேண்டியிருக்கும். தெரியுதா? லைசென்ஸ் போயிடும்."

"சரி மேடம். பிள்ளை?"

அவருக்குக் கேள்வி புரியவில்லை. கூடுதல் சரக்கை எடுத்துக்கொள்வீர்களா என்று கேட்டேன். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு, சரக்கும் குழந்தையும் ஒன்று என்று நிரூபணமாகாததால் குழந்தைக்கும் இந்த ஆபீஸுக்கும் சம்பந்தம் இல்லை என்று சொல்லிவிட்டு, அதையும் எழுதிக் கையெழுத்துப் போட்டார். மணி நாலு ஐம்பத்திரண்டு.

சோமன் சார் குனிந்து அமலியின் வாய்க்குள் பார்த்துக்கொண்டிருந்தார். "பல்லு வருது பாருங்க" என்றார், யாரிடமோ சொல்வதுபோல.

வராண்டாவில் அருள்தாஸ் என் முகத்தைப் பார்த்தார். "போச்சா?"

"போச்சு."

பிள்ளையை என்னிடமிருந்து வாங்கினார். "ஜெசி, இவ காலு நீளமா இருக்கு" என்றார்.

திரும்புகிற பஸ்ஸில் முதல் ஊர் வருவதற்குள் ஒரு வயதுக் கவுனை மாட்டினேன். ஆற்றுப் பாலம் தாண்டும்போது அது அக்குளில் பிடித்தது, இரண்டு வயதுக் கவுனை மாட்டினேன். ரப்பர்த் தோட்டம் முடிந்து ஏற்றம் தொடங்கியபோது மூன்று. கொண்டை ஊசி வளைவுகளில் தலைமுடி தோளுக்கு இறங்கியது, நகத்தை அருள்தாஸ் தன் பல்லால் கடித்துக் கடித்து எடுத்தார். அவள் அழவில்லை. நான்தான் அழுதேன், ஏனென்றால் ஐந்தாவது கவுனுக்கு மேல் நான் தைத்திருக்கவில்லை. நிற்காமல் போய்விட்டால்? என்னைத் தாண்டிப் போய்விட்டால்? மாதாவே, இவளை இவள் வயதில் நிறுத்து என்று சொல்லிக்கொண்டே ஐந்தாவதின் பொத்தானைப் போட்டேன். பொத்தான் பொருந்தியது. ஒரு வளைவு போனது. இன்னொரு வளைவு. பொத்தான் தெறிக்கவில்லை.

கண்டக்டர் வந்தார். காலையில் வந்த அதே ஆள். எங்கள் இரண்டு பேருக்குக் கிழித்துவிட்டு, நடுவில் உட்கார்ந்திருந்தவளைப் பார்த்தார்.

"கொச்சுக்கு அஞ்சு வயசு ஆச்சா?"

நான் அருள்தாசைப் பார்த்தேன்.

"ஆச்சு" என்றார் அருள்தாஸ். "ஒரு அரை டிக்கெட்."

நெட்டைவாரை நிறுத்தத்தில் இறங்கியபோது இன்னும் கொஞ்சம் வெளிச்சம் இருந்தது. பெண்கள் கூடையோடும் சாக்கோடும் நின்றுகொண்டிருந்தார்கள், பேச்சியக்கா முன்னால். பழக்கத்தில் நான் அமலியை இடுப்பில் தூக்கி வைத்துக்கொண்டு இறங்கினேன். கால்கள் என் முழங்காலுக்குக் கீழே தொங்கின. பேச்சியக்காவின் பேரன் அவள் சேலைக்குப் பின்னாலிருந்து எட்டிப் பார்த்தான்.

"எறக்கி விடும்மா" என்றாள் அமலி.

அந்தக் குரலை நான் அதற்குமுன் கேட்டதில்லை. இறக்கிவிட்டேன். ஒரு தடவை விழுந்தாள், எழுந்தாள், என் கையைத் தட்டிவிட்டாள், நடந்தாள். பிள்ளைகள் பள்ளிக்கூடம் போகிற பாதை எது என்று அவளுக்குத் தெரிந்திருந்தது. பேரன் பின்னாலேயே போனான்.

பேச்சியக்கா அவள் போவதையே பார்த்துக்கொண்டிருந்தாள். தன் இரண்டு கையையும் ஏந்தின மாதிரி கொஞ்சம் முன்னால் நீட்டி, எதுவும் இல்லாமல் மடக்கிக்கொண்டாள்.

"இப்ப எத்தனை இருப்பா?" என்று கேட்டாள்.

"தெரியலக்கா" என்றேன்.